மஹ்மூத் தர்வீஷ்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பாலஸ்தீனத்தில் குண்டு விழும்போதெல்லாம் மஹ்மூத் தர்வீஷின் வரிகள் தமிழிலும் சுற்றுக்கு வந்துவிடுகின்றன. நாலு வரி, ஓர் ஆலிவ் மரப் படம், கீழே அவர் பெயர். அதைப் பார்த்துவிட்டு "யார் இவர்?" என்று கேட்பவர்களுக்காக இந்தப் பக்கம். வரிசையாகப் படிக்கவேண்டும் என்பதில்லை. ஊரைப் பற்றிய கேள்வியை மட்டும் தாண்டிப் போகாதீர்கள், மற்றதெல்லாம் அங்கிருந்துதான் கிளம்புகிறது.

சுருக்கமாகச் சொல்லுங்கள், யார் இவர்?

1941 மார்ச் 13இல் பாலஸ்தீனத்தின் வடபகுதியான கலிலேயாவில் பிறந்து, 2008 ஆகஸ்ட் 9இல் அமெரிக்காவின் ஹூஸ்டன் நகரில் இறந்த அரபுக் கவிஞர். ஏறத்தாழ முப்பது கவிதைத் தொகுப்புகளும், கவிதைக்குக் கொஞ்சமும் குறையாத சில உரைநடை நூல்களும் எழுதியவர். பாலஸ்தீனத்தின் தேசியக் கவி என்று உலகம் அவரை அழைத்தது. அந்தப் பட்டம் அவருக்குப் பெருமையாகவும் இருந்தது, பாரமாகவும் இருந்தது. பாரமாக இருந்தது என்பதைத்தான் நம்மில் பலர் கவனிப்பதில்லை.

தர்விஷா, தர்வேஷா, தர்வீஷா?

அரபு உச்சரிப்புப்படி தர்வீஷ். உருது வழியாகக் கேட்டுப் பழகியவர்கள் தர்வேஷ் என்பார்கள். எப்படி எழுதினாலும் ஆள் ஒருவர்தான்.

அவர் எந்த ஊர்?

அல் பிர்வா. மத்தியதரைக் கடலோரத்து அக்கா நகரத்திலிருந்து கிழக்கே சுமார் பத்து கிலோமீட்டர். 1945 கணக்கின்படி அங்கே 1,460 பேர் இருந்தார்கள். பெரும்பாலோர் முஸ்லிம்கள், ஒரு சிறு பகுதியினர் கிறிஸ்தவர்கள். ஆலிவ், கோதுமை, காய்கறி என்று வாழ்ந்த ஊர். தர்வீஷின் அப்பா சலீமுக்கு அங்கே நிலம் இருந்தது. அம்மா ஹூரிய்யாவுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. பேரனுக்கு எழுத்து சொல்லிக் கொடுத்தவர் தாத்தா.

1948 ஜூனில் இஸ்ரேலியப் படை ஊரைப் பிடித்தது. அப்போது தர்வீஷுக்கு ஏழு வயது. குடும்பம் இரவோடு இரவாக லெபனானுக்கு நடந்தது. முதலில் ஜெஸீன், பிறகு தாமூர். ஐக்கிய நாடுகள் கொடுத்த உணவுப் பொருளுக்கு வரிசையில் நிற்கும் வாழ்க்கை. நிலம் வைத்திருந்த குடும்பம் ஒரே கோடையில் அகதிக் குடும்பமாகிவிட்டது. அந்த ஆண்டு அப்படி வெளியேறிய பாலஸ்தீனர்கள் சுமார் ஏழு லட்சம் பேர்.

ஓராண்டுபோல் கழித்து, எல்லையைக் கள்ளத்தனமாகத் தாண்டித் திரும்பி வந்தார்கள். வந்து பார்த்தால் ஊரே இல்லை. வீடுகளை இடித்திருந்தார்கள். அந்த நிலத்தில் 1949இல் யசூர் என்ற கிப்புட்ஸ் (யூதக் கூட்டுப் பண்ணை), 1950இல் அஹிஹுத் என்ற யூதக் குடியிருப்பு. குடும்பம் பக்கத்திலிருந்த தெய்ருல் அசத் என்ற ஊரில் ஒண்டிக்கொண்டது. நிலத்துக்குச் சொந்தக்காரராக இருந்த அப்பா கல்லுடைக்கப் போனார். சொந்த ஊரிலிருந்து கூப்பிடு தூரத்தில் அகதியாக இருப்பது என்பது லெபனானில் அகதியாக இருப்பதைவிட வேறு மாதிரியான வலி. தர்வீஷின் கவிதை முழுக்க அந்த வலிதான் பேசிக்கொண்டிருக்கிறது.

'இருந்தும் இல்லாதவர்' என்று அவரைப் பற்றிச் சொல்கிறார்களே, அது கவிதை வரியா?

இல்லை, அது சட்டத்திலிருந்து வந்த வழக்கு! 1948இல் வீட்டை விட்டுப் போனவர்களின் சொத்தை அரசு எடுத்துக்கொள்ள இஸ்ரேல் 1950இல் ஒரு சட்டம் இயற்றியது. போனவர்கள் எல்லோரும் 'இல்லாதவர்கள்'. நாட்டுக்குள்ளேயே இருந்தாலும், கணக்கெடுத்த நேரத்தில் வீட்டில் இல்லை என்றால் அவர்களும் 'இல்லாதவர்கள்'தான். ஆள் கண்முன்னே நிற்கிறார், வரிகூடக் கட்டுகிறார், ஆனால் சொத்து விஷயத்தில் அவர் இல்லாதவர். இவர்களுக்குத்தான் 'இருந்தும் இல்லாதவர்' என்று பெயர் வந்தது.

ஒரு கவிஞனுக்கு அரசாங்கமே இப்படி ஒரு படிமத்தைக் கையில் கொடுத்தால் அவன் விடுவானா? ஐம்பது ஆண்டுக்கு மேல் கழித்து, 2006இல், அவர் எழுதிய தன்வரலாறு போன்ற உரைநடை நூலின் தலைப்பே 'இன்மையின் முன்னிலையில்'.

முதல் கவிதைக்கே மிரட்டல் வந்ததாமே?

அவரே பலமுறை சொன்ன கதை இது. பள்ளிச் சிறுவனாக இருந்தபோது இஸ்ரேல் உருவான நாள் விழாவில் கவிதை வாசிக்கச் சொன்னார்கள். அவர் எழுதிப் படித்தது ஓர் அரபுச் சிறுவன் யூதச் சிறுவனிடம் பேசுவதுபோல் இருந்தது. உனக்கு வீடு இருக்கிறது, எனக்கில்லை. உனக்குப் பண்டிகை இருக்கிறது, எனக்கில்லை. நாம் ஏன் சேர்ந்து விளையாடக்கூடாது? இவ்வளவுதான் விஷயம்.

மறுநாள் ராணுவ ஆளுநர் கூப்பிட்டுவிட்டார். இஸ்ரேலுக்குள் இருந்த அரபுக் குடிமக்கள் 1966 வரை ராணுவ ஆட்சியின் கீழ்தான் இருந்தார்கள், பக்கத்து ஊருக்குப் போகவும் அனுமதிச் சீட்டு வேண்டும். "இப்படியே எழுதிக்கொண்டிருந்தால் உன் அப்பாவுக்குக் கல்குவாரியில் வேலை இருக்காது" என்பதுபோல் அவர் மிரட்டியிருக்கிறார். ஒரு ராணுவ அதிகாரி தன் கவிதைக்கு இவ்வளவு பயப்படுகிறாரே என்று அந்தச் சிறுவனுக்கு ஆச்சரியம். கவிதை என்பது விளையாட்டுச் சாமான் இல்லை என்று அவருக்கு முதலில் சொல்லிக் கொடுத்தவர் அந்த அதிகாரிதான் என்று எனக்குத் தோன்றும்.

எங்கே படித்தார்? ஹீப்ரு தெரியுமா?

உயர்நிலைப் பள்ளி கஃப்ர் யாசிஃபில். பிறகு ஹைஃபா. 1960இல், பத்தொன்பது வயதில், 'சிறகில்லாப் பறவைகள்' என்ற முதல் தொகுப்பு வந்தது. பின்னாளில் அதை அவரே ஒதுக்கிவிட்டார், நாமும் விட்டுவிடலாம். 1961 வாக்கில் கம்யூனிஸ்ட் கட்சியில் சேர்ந்து, அதன் அரபு இதழ்களான அல் இத்திஹாத், அல் ஜதீத் இரண்டிலும் வேலை பார்த்தார்.

ஹீப்ரு நன்றாகத் தெரியும். ஸ்பானிய மொழிக் கவிஞர்கள் லோர்காவையும் நெரூதாவையும் அவர் முதலில் படித்ததே ஹீப்ரு மொழிபெயர்ப்பில்தான். தன்னை அடக்கும் அரசின் மொழி வழியாக உலகக் கவிதைக்குள் நுழைந்தவர். இஸ்ரேலியக் கவிஞர் யெஹூதா அமிகாய் மேல் அவருக்கு மதிப்பு உண்டு. இருவரும் ஒரே நிலத்தைப் பற்றி எழுதுகிறார்கள், யார் அதை அழகாக எழுதுவது என்ற போட்டி இருக்கிறது என்ற பொருளில் பேசியிருக்கிறார். எதிரியின் கவிஞனைச் சக போட்டியாளனாகப் பார்க்க ஒரு தன்னம்பிக்கை வேண்டும்.

'அடையாள அட்டை' கவிதையில் அப்படி என்ன இருக்கிறது?

உள்ளடக்கம் ரொம்பச் சாதாரணம். அரசு அலுவலகத்தில் ஒருவன் நிற்கிறான். எதிரே குமாஸ்தா. "எழுதிக்கொள், நான் அரபி" என்று அவன் ஆரம்பிக்கிறான். அட்டை எண் ஐம்பதாயிரம். பிள்ளைகள் எட்டு, ஒன்பதாவது கோடைக்குப் பிறகு வரும். கோபமா உனக்கு? குவாரியில் வேலை பார்க்கிறேன், பிள்ளைகளின் ரொட்டியையும் துணியையும் நோட்டுப்புத்தகத்தையும் பாறையிலிருந்து உடைத்து எடுக்கிறேன், உன் வாசலில் பிச்சைக்கு வரமாட்டேன். இப்படியே போய், கடைசியில் ஓர் எச்சரிக்கையோடு முடிகிறது. நான் யாரையும் வெறுப்பதில்லை, யார் சொத்தையும் பறிப்பதில்லை, ஆனால் என் பசிக்குப் பயப்படு.

இது பிறந்த விதத்தையும் அவரே சொல்லியிருக்கிறார். உள்துறை அலுவலகத்தில் படிவம் நிரப்பும்போது இனம் என்ன என்று கேட்டிருக்கிறார்கள். "அரபி" என்றதும் குமாஸ்தா முகத்தில் ஒரு மாறுதல். உடனே இவர் ஹீப்ருவில், வேண்டுமென்றே அழுத்தி, "எழுதிக்கொள், நான் அரபி" என்றாராம். வாயிலிருந்து வந்த அந்த வாக்கியத்தின் தாளம் மனதில் ஒட்டிக்கொண்டது. அதை அரபியில் திருப்பிச் சொன்னபோது கவிதை வந்துவிட்டது.

1964இல் வெளியான 'ஆலிவ் இலைகள்' தொகுப்பில் இருக்கிறது. 1965இல் நாசரேத்தில் ஒரு கூட்டத்தில் வாசித்தபோது மக்கள் திரும்பத் திரும்ப வாசிக்கச் சொல்லியிருக்கிறார்கள். சில நாளில் அரபு உலகம் முழுக்கப் பரவிவிட்டது. படிவம் நிரப்புகிற தொனியில் ஒரு கவிதை எழுதலாம் என்பதே அன்றைக்குப் புதுசு. அரசாங்க அலுவலகத்தில் ஜன்னலுக்கு வெளியே நின்றவர்களுக்கு அதன் அருமையை விளக்க வேண்டியதில்லை.

அவருக்கே அந்தக் கவிதை பிடிக்காமல் போனது என்பது உண்மையா?

கவிதையை அவர் மறுக்கவில்லை. ஆனால் மேடையில் வாசிக்க மறுத்தார். அரபு நாட்டு அரங்குகளில் அவர் புதிய கவிதை படித்துக்கொண்டிருக்கும்போது கூட்டத்திலிருந்து "எழுதிக்கொள்! எழுதிக்கொள்!" என்று குரல் வரும். அவருக்கு எரிச்சல். நான் அரபி என்பதை ஓர் இஸ்ரேலிய அதிகாரியிடம் சொன்னால் அதற்குப் பொருள் உண்டு, அரபிகள் நிறைந்த அரங்கில் சொன்னால் என்ன பொருள் என்று அவர் கேட்டது நியாயம்தான்.

இந்தச் சண்டை கடைசி வரை ஓயவில்லை. வாசகர்கள் 1964இன் தர்வீஷையே கேட்டுக்கொண்டிருந்தார்கள். அவர் வேறெங்கோ போய்க்கொண்டிருந்தார். நம்மூர் மேடைகளிலும் ஒரு பாட்டுக்காரரைப் பழைய பாட்டையே பாடச் சொல்லிக் கொல்வோம் இல்லையா, அதே கதைதான். ஆனால் இங்கே பழைய பாட்டு ஒரு மக்கள் கூட்டத்தின் முகவரியாகவே ஆகிவிட்டது. அதனால் அவரால் முழுசாகத் தள்ளவும் முடியவில்லை.

'அம்மாவின் ரொட்டி, அம்மாவின் காப்பி' கவிதை?

சிறையில் எழுதியது. 1960களில் அவர் பலமுறை சிறைக்கும் வீட்டுக்காவலுக்கும் போனவர். அனுமதியில்லாமல் ஊர் விட்டு ஊர் போய்க் கவிதை வாசித்ததுகூட அப்போது குற்றம். சின்ன வயதில் அம்மாவுக்குத் தன்மேல் பிரியமே இல்லை என்று நினைத்திருந்தாராம். கண்டிப்பான அம்மா, அடிக்கவும் செய்வார். அந்த அம்மா சிறைக்குப் பார்க்க வந்தபோதுதான் அந்த எண்ணம் உடைந்தது. அதற்குப் பிராயச்சித்தம் போல எழுதினார்.

'என் அம்மாவின் ரொட்டிக்கு ஏங்குகிறேன்' என்று தொடங்கும் அந்தக் கவிதையில் அரசியல் ஒரு சொல்கூட இல்லை. அரபு உலகம் அம்மா என்பதைத் தாய்நாடு என்று படித்துக்கொண்டது. அவரோ, அது என் சொந்த அம்மாவைப் பற்றியது என்று சொல்லிப் பார்த்தார். யார் கேட்டார்கள்?

ரீட்டா யார்?

அவர் இளமையில் காதலித்த யூதப் பெண். ரீட்டா என்பது கவிதைக்காக வைத்த பெயர். 1967 தொகுப்பில் உள்ள கவிதையில் ரீட்டாவுக்கும் தன் கண்களுக்கும் நடுவே ஒரு துப்பாக்கி நிற்பதாக எழுதினார். அந்தப் பெண் இஸ்ரேலியப் படையில் சேர்ந்தார், அந்த ஆண்டு இஸ்ரேலுக்கும் அரபு நாடுகளுக்கும் போரும் வந்தது. காதல் முறிந்தது. அந்தப் பெண்ணைப் பற்றியும் அவர்களுடைய கடிதங்களைப் பற்றியும் பின்னாளில் ஆவணப்படமே வந்துவிட்டதால் இது இப்போது ரகசியமில்லை.

அப்படியென்றால் அவர் யூத விரோதி இல்லையா?

அவர் எதிர்த்தது ஆக்கிரமிப்பை. தனக்குத் தண்டனை விதித்த நீதிபதியும் யூதர், ஹீப்ரு சொல்லிக் கொடுத்த ஆசிரியையும் யூதர், காதலியும் யூதர் என்ற பொருளில் அவர் பேசியிருக்கிறார். அதனால் யூதர் என்ற சொல்லுக்கு அவரிடம் ஒரே முகம் கிடையாது.

இதற்கு நல்ல சாட்சி 1967 போருக்குப் பின் எழுதிய 'வெள்ளை லில்லிகளைக் கனவு காணும் படைவீரன்'. போரிலிருந்து திரும்பிய ஓர் இஸ்ரேலிய இளைஞன் மனம் கசந்து கவிஞரிடம் பேசுகிறான். அம்மா கையால் காப்பி குடிக்க வேண்டும், பத்திரமாக வீடு திரும்ப வேண்டும், தாய்நாடு என்றால் எனக்கு அவ்வளவுதான் என்கிறான். எதிரிப் படைவீரனுக்கு மனித முகம் கொடுத்துவிட்டார் என்று அரபு விமர்சகர்களில் சிலர் திட்டித் தீர்த்தார்கள். அந்த வீரன் தான்தான் என்று பிற்காலத்தில் எழுதியவர் இஸ்ரேலிய வரலாற்றாசிரியர் ஷ்லோமோ சாண்ட்.

நாட்டை விட்டு ஏன் போனார்?

1970இல் படிக்க மாஸ்கோ போனார். அங்கிருந்து திரும்பாமல் 1971இல் கெய்ரோ போய் இறங்கினார். அல் அஹ்ராம் நாளிதழில் வேலை கிடைத்தது. ஹைஃபாவில் இருந்த தோழர்களுக்கு இது பெரிய அடி. நாங்கள் மண்ணைப் பிடித்துக்கொண்டு இருக்கிறோம், நீ போய்விட்டாயே என்ற கோபம். 1973இல் பெய்ரூட் சென்று பாலஸ்தீன விடுதலை இயக்கத்தில் சேர்ந்தார். இஸ்ரேல் கதவைச் சாத்திவிட்டது. 1970இலிருந்து கணக்கிட்டால் இருபத்தைந்து ஆண்டுக்கு மேல் அலைச்சல்: பெய்ரூட், துனிஸ், நிகோசியா, பாரீஸ்.

கவிஞர் சமீஹ் அல் காசிம் அவருடைய இளமைக்கால நண்பர். ஒருவர் உள்ளே, ஒருவர் வெளியே. இருவரும் 1980களில் இதழ் வழியாக எழுதிக்கொண்ட கடிதங்கள் அரபு வாசகர்களிடையே புகழ்பெற்றவை. போனவனின் குற்ற உணர்வும் இருந்தவனின் களைப்பும் அதில் தெரியும்.

பெய்ரூட் முற்றுகை பற்றி எழுதிய நூல் எது?

'மறதிக்கான நினைவு'. என்னைக் கேட்டால் தர்வீஷை இங்கிருந்து தொடங்கலாம்.

1982 கோடையில் இஸ்ரேல் லெபனானுக்குள் நுழைந்து மேற்கு பெய்ரூட்டைச் சுற்றி வளைத்தது. வானிலிருந்தும் கடலிலிருந்தும் குண்டு. தண்ணீர் இல்லை, மின்சாரம் இல்லை. நூல் அந்த ஆகஸ்டின் ஒரே ஒரு நாளைப் பற்றியது. ஹிரோஷிமா நாளான ஆகஸ்ட் 6. விடியற்காலையில் குண்டுச் சத்தத்தில் கண் விழிக்கிறார். உயிர் பிழைக்க வேண்டும் என்று தோன்றவில்லை. காப்பி வேண்டும் என்று தோன்றுகிறது.

சிக்கல் என்னவென்றால் சமையலறை ஜன்னல் கடலைப் பார்த்து இருக்கிறது. கடலில் போர்க்கப்பல்கள். படுக்கையறையிலிருந்து சமையலறைக்கு ஒரு நடை. காப்பி கொதிக்க ஐந்து நிமிடம். உலகத்திடம் அவர் கேட்பது ஐந்து நிமிடப் போர்நிறுத்தம். அவ்வளவு போதும், அடுப்பைப் பற்றவைத்துவிடலாம். அப்புறம் பக்கம் பக்கமாகக் காப்பி போடுவது எப்படி என்று எழுதுகிறார். தண்ணீர் எப்போது சூடேற வேண்டும், தூளை எப்படிப் போட வேண்டும், கரண்டியால் எந்தப் பக்கம் கிளற வேண்டும், நுரை பொங்கும்போது எப்போது இறக்க வேண்டும். ஒரு மனிதனின் காப்பியை ருசித்தால் அவன் எப்படிப்பட்டவன் என்று தெரிந்துவிடும் என்கிறார். தலைக்கு மேல் விமானம் பறந்துகொண்டிருக்கிறது.

இதைப் படித்துவிட்டு, அம்மாவின் காப்பிக் கவிதையையும் அந்தப் படைவீரனின் காப்பியையும் திரும்பப் படித்துப் பாருங்கள். அவருக்குத் தாய்நாடு என்பது வரைபடத்தில் இருந்ததில்லை, அடுப்பில் இருந்தது.

ஆகஸ்டு இறுதியில் பாலஸ்தீனப் போராளிகள் கப்பலேறினார்கள். செப்டம்பரில் சப்ரா, ஷத்தீலா அகதி முகாம்களில் படுகொலை நடந்தது. தர்வீஷும் அந்த நகரத்தை விட்டு வெளியேற வேண்டியதாயிற்று. 1981இல் அவர் தொடங்கியிருந்த அல் கர்மெல் இலக்கிய இதழை நாடு விட்டு நாடு தூக்கிக்கொண்டு போய் நடத்தினார்.

அவர் கவிஞரா, அரசியல்வாதியா?

1987இல் பாலஸ்தீன விடுதலை இயக்கத்தின் செயற்குழுவுக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். 1988 நவம்பர் 15இல் அல்ஜியர்ஸில் யாசர் அரஃபாத் படித்த பாலஸ்தீன சுதந்திரப் பிரகடனத்தை எழுதியவர் அவரே. அதன் ஆங்கில வடிவத்தில் பாலஸ்தீன அறிஞர் எட்வர்ட் சயீதின் கை உண்டு. ஒரு நாட்டின் பிரகடனத்தைக் கவிஞனிடம் எழுதக் கொடுப்பது எங்கும் நடக்கிற விஷயமில்லை.

ஆனால் 1993இல் இஸ்ரேலும் பாலஸ்தீன விடுதலை இயக்கமும் செய்துகொண்ட ஆஸ்லோ உடன்படிக்கை வந்தபோது செயற்குழுவிலிருந்து விலகிவிட்டார். அந்த ஒப்பந்தம் நியாயமான அமைதியைக் கொண்டுவராது என்று அவர் கணித்தார். சயீதும் அதே நிலைப்பாட்டில் இருந்தார். எல்லோரும் கைகுலுக்கலைப் படம் பிடித்துக்கொண்டிருந்த நேரத்தில் இதைச் சொன்னதால் இருவருக்கும் நிறையவே வசவு கிடைத்தது.

இஸ்ரேலிய அரசியலில் அவர் பெயர் ஏன் அடிக்கடி அடிபடுகிறது?

மூன்று சம்பவங்கள் சொல்லலாம். 1988இல், இஸ்ரேலிய ஆக்கிரமிப்புக்கு எதிரான பாலஸ்தீனர்களின் முதல் இன்திஃபாதா எழுச்சி நேரத்தில், 'கடந்துபோகும் சொற்களுக்கிடையே கடந்துபோகிறவர்களே' என்று ஒரு கவிதை எழுதினார். பிரதமர் இட்சாக் ஷமீர் அதை நாடாளுமன்றத்தில் எடுத்துக் காட்டிக் கொந்தளித்தார். தர்வீஷின் கவிதைகளில் அது சிறந்ததில்லை என்பது வேறு விஷயம், கோபத்தில் எழுதியது.

2000இல் கல்வி அமைச்சர் யோசி சரீத் இஸ்ரேலியப் பள்ளிகளில் தர்வீஷின் கவிதைகளை விருப்பப் பாடமாக வைக்கலாம் என்றார். அரசு கவிழும் அளவுக்குச் சத்தம். இஸ்ரேல் இன்னும் இதற்குத் தயாராகவில்லை என்று பிரதமர் எஹுத் பராக் முடித்துவிட்டார்.

2016இல், அவர் இறந்து எட்டு ஆண்டு கழித்து, ராணுவ வானொலியில் 'அடையாள அட்டை' பற்றி ஒரு நிகழ்ச்சி. பாதுகாப்பு அமைச்சர் அவிக்தோர் லீபர்மன் வானொலித் தலைவரைக் கூப்பிட்டு விசாரித்தார், தர்வீஷின் எழுத்தை ஹிட்லரின் நூலோடு ஒப்பிட்டும் பேசினார். ஐம்பது ஆண்டுக்கு முன் ஒரு குமாஸ்தாவிடம் சொன்ன வாக்கியம் அமைச்சரை வந்து குத்துகிறது.

பிற்காலக் கவிதைகள் கடினம் என்கிறார்களே?

முழக்கம் குறைந்தது, அவ்வளவுதான். 1992இல் வந்த 'பதினொரு விண்மீன்கள்' தொகுப்பில் 1492இல் ஸ்பெயினில் கிரனாடாவை இழந்த அந்தலூசிய அரபிகள் பேசுகிறார்கள், அமெரிக்காவின் செவ்விந்தியர் ஒருவர் வெள்ளைக்காரரிடம் பேசுகிறார். பாலஸ்தீனம் என்ற சொல்லைச் சொல்லாமலே அதைப் பற்றி எழுதக் கற்றுக்கொண்டுவிட்டார்.

1995இல் 'குதிரையை ஏன் தனியே விட்டுவந்தாய்?'. 1948 இரவில் குடும்பம் ஊரைவிட்டு நடக்கிறது. சிறுவன் அப்பாவிடம் கேட்கிற கேள்விதான் தலைப்பு. அப்பா சொல்கிறார்: வீட்டுக்குத் துணையாக இருக்கட்டும் என்றுதான் மகனே, ஆளில்லாமல் போனால் வீடுகள் செத்துப்போகும். நடுநடுவே அப்பா தன் உடம்பைத் தொட்டுப் பார்ப்பதுபோல் வீட்டுச் சாவியைத் தொட்டுப் பார்த்துக்கொள்கிறார்.

இங்கே ஒரு சொல் விளையாட்டு உண்டு, மொழிபெயர்ப்பில் வராது. அரபியில் வீட்டுக்கும் 'பைத்', செய்யுளின் அடிக்கும் 'பைத்'. தமிழ் முஸ்லிம் வீடுகளில் பாடும் பைத்தும் அந்தச் சொல்தான். வீட்டை இழந்தவன் வரிகளால் வீடு கட்டுகிறான் என்று நாம் சுற்றிவளைத்துச் சொல்ல வேண்டியதை அரபு ஒரே சொல்லில் சொல்லிவிடுகிறது. தர்வீஷ் அதை நன்றாகவே பயன்படுத்திக்கொண்டார்.

1998 இதய அறுவைச் சிகிச்சைக்குப் பின் எழுதிய நெடுங்கவிதை 'சுவரோவியம்' 2000இல் வந்தது. வாசலில் நிற்கும் மரணத்திடம், கொஞ்சம் பொறு, பெட்டி கட்டிவிடுகிறேன் என்கிறார். பல் துலக்கும் பிரஷ், சோப்பு, மின்சார ஷேவர், கொலோன், துணிமணி. ஊர் ஊராகப் பெட்டி கட்டியே பழகியவருக்கு மரணமும் இன்னொரு பயணமாகத்தான் தெரிந்திருக்கிறது.

நோபல் பரிசு?

கிடைக்கவில்லை. ஆப்பிரிக்க ஆசிய எழுத்தாளர் சங்கத்தின் லோட்டஸ் பரிசு, சோவியத் நாட்டின் லெனின் அமைதிப் பரிசு, 2001இல் அமெரிக்காவின் லன்னன் அறக்கட்டளைப் பரிசு ஆகியவை கிடைத்தன.

குடும்பம்?

இரண்டு முறை திருமணம், இரண்டும் மணமுறிவு. பிள்ளைகள் இல்லை.

எப்போது திரும்பி வந்தார்?

1996இல். எழுத்தாளர் எமில் ஹபீபி இறந்தபோது ஹைஃபாவுக்கு வர இஸ்ரேல் சில நாள் அனுமதி கொடுத்தது. அதன்பின் பாலஸ்தீன மேற்குக் கரையின் ரமல்லாவிலும் ஜோர்டான் தலைநகர் அம்மானிலுமாக வாழ்ந்தார். ரமல்லாவில் கலீல் சகாகினி பண்பாட்டு மையத்தில் அல் கர்மெல் அலுவலகம். 2002 மார்ச்சில் ஜோசே சரமாகோ, வோலே சோயின்கா, பெய் தாவ் உள்ளிட்ட எழுத்தாளர்கள் அவரைப் பார்க்க அங்கே வந்தார்கள். அவர்கள் போன சில நாளில் இஸ்ரேலியப் படை நகரத்துக்குள் நுழைந்தது. அந்த அலுவலகத்தையும் புகுந்து கலைத்தார்கள். 'முற்றுகை நிலை' என்ற சிறுசிறு துண்டுகளாலான நெடுங்கவிதை அந்த நாட்களில் எழுதியது.

பாலஸ்தீனத் தலைமையை அவர் விமர்சித்ததில்லையா?

விமர்சித்தார். 2007 ஜூலையில் ஹைஃபாவின் கர்மெல் மலைமேல் பல ஆண்டு கழித்துக் கவிதை வாசித்தார். பாலஸ்தீனத்தின் இரு போட்டி இயக்கங்களான ஃபதாவும் ஹமாஸும் காஸாவில் ஒருவரையொருவர் சுட்டு முடித்திருந்த நேரம். பாலஸ்தீனத்தின் நாலு நிறக் கொடியை ஹமாஸின் ஒற்றை நிறக் கொடி தள்ளிவிட்டது என்ற பொருளில் அங்கே கசப்பாகப் பேசினார்.

அவர் கவிதைகளைப் பாடியிருக்கிறார்களா?

லெபனான் பாடகர் மார்செல் கலீஃபா 1976இலிருந்தே பாடுகிறார். ரீட்டாவும் அம்மாவின் ரொட்டியும் பாமர மக்கள் வாய்க்குப் போனது அவருடைய ஊத் (அரபு நரம்பு வாத்தியம்) இசையால்தான். 'நான் யூசுஃப், அப்பா' என்ற கவிதையைப் பாடியதற்கு, அதில் குர்ஆன் சொற்கள் வருகின்றன என்று கலீஃபா மேல் வழக்கு. 1999இல் பெய்ரூட் நீதிமன்றம் விடுவித்தது. சகோதரர்களே கிணற்றில் தள்ளிய யூசுஃபின் குரலில் அரபு நாடுகளைப் பற்றிய புகார் அந்தக் கவிதை. வழக்கு போட்டவர்கள் அதைச் சரியாகவே புரிந்துகொண்டார்களோ என்று எனக்கொரு சந்தேகம் உண்டு.

தமிழில் படிக்க முடியுமா?

முடியும். இலங்கைக் கவிஞரும் பேராசிரியருமான எம்.ஏ. நுஃமான் மொழிபெயர்த்த பலஸ்தீனக் கவிதைகள் 1981இலேயே வந்துவிட்டன. நிலமும் ஊரும் பறிபோகும் காலத்தில் இருந்த ஈழத்து வாசகர்களுக்கு அந்தக் கவிதைகள் அந்நியமாக இருந்திருக்க முடியாது. பின்னர் தர்வீஷின் கவிதைகளைத் தனித் தொகுப்பாகவும் அவர் தந்தார். முதலில் 'அடையாள அட்டை'யைப் படித்து முடித்துவிடுங்கள், அதைத் தள்ளிப்போடுவதில் லாபமில்லை. அடுத்து 'இந்த மண்ணில் வாழத் தகுந்தது உண்டு'. விடியலில் ரொட்டி வாசம், கல்மேல் முளைத்த புல், படையெடுத்து வந்தவர்களுக்கு நினைவுகள் மேல் உள்ள பயம் என்று வாழத் தகுந்தவற்றை எண்ணிக்கொண்டே போகும். ரமல்லா சுவர்களில் எழுதிப் போட்டிருக்கும் வரி அது.

எப்படி இறந்தார்? கல்லறை எங்கே?

ஹூஸ்டனில் இதய அறுவைச் சிகிச்சைக்குப் பின், 67ஆம் வயதில். ஒரு மாதம் முன்புதான் ரமல்லாவில் 'பகடை ஆடுபவன்' என்ற நெடுங்கவிதையை வாசித்திருந்தார். நான் யார், நான் பிறந்ததும் பிழைத்ததும் தற்செயல்தானே என்று தன் வாழ்க்கையைத் தானே உருட்டிப் பார்க்கும் கவிதை. மூன்று நாள் தேசிய துக்கம் அறிவித்தார்கள். 2008 ஆகஸ்ட் 13இல் ரமல்லாவின் பண்பாட்டு மாளிகைக்குப் பக்கத்துக் குன்றில் அடக்கம். இப்போது அங்கே அவர் பெயரில் அருங்காட்சியகம் இருக்கிறது.

அல் பிர்வாவில் இப்போது என்ன இருக்கிறது?

பழைய பள்ளிக் கட்டடம், ஓரிரு சமாதிக் கட்டடங்கள், கள்ளிச் செடிகள், சில அத்தி மரங்கள், ஆலிவ் மரங்கள். சுற்றிலும் யசூர், அஹிஹுத் நிலங்கள். ஊர்ப்பெயர் அங்கே இல்லை. ரமல்லாவில், அவர் கல்லறையைச் சுற்றியுள்ள தோட்டத்துக்கு அந்தப் பெயரை வைத்திருக்கிறார்கள்: அல் பிர்வா தோட்டம்.